வி.வி.டி. வால்வு பழுதா? புதிது வாங்கும் முன் சோதித்து, பிறகு மாற்றும் முறை

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் கார் பட்டறை வைத்திருக்கிறேன். சுற்றுவட்டாரத் தோட்டங்களிலிருந்து வரும் பிள்ளைகள் பலர், கழற்றிய பழைய வி.வி.டி. வால்வை (எஞ்சினின் காற்று வழிகள் திறக்கும் நேரத்தை ஓட்டத்துக்கேற்ப மாற்றும் அமைப்பின் வால்வு) துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு வருகிறார்கள். "அண்ணே, ஸ்கேனரில் பி0011 என்ற பழுதுக் குறியீடு வந்தது. புது வால்வு வாங்கி மாட்டினேன். இரண்டே நாளில் எஞ்சின் விளக்கு மறுபடியும் எரிகிறது" என்பார்கள். அந்தப் பழைய வால்வைச் சோதித்தால் பல நேரம் அது நன்றாகவே வேலை செய்கிறது. வேலையின் வரிசை தவறியதால் போன காசு அது.

ஆகவே இந்த வழிகாட்டியில் வால்வைக் கழற்றும் கட்டம் ஏழாவதாகத்தான் வருகிறது. நானே சொல்லும் இடம் தவிர, முன்னால் உள்ள ஆறையும் தாண்டிக் குதிக்க வேண்டாம்.

இங்கே சொல்லும் அளவுகள் பழைய டொயோட்டா வியோஸில் வந்த 1.5 லிட்டர் 1என்இஸட்-எஃப்இ எஞ்சினுக்கு உரியவை. பெரோடுவா மைவியின் முதல் தலைமுறையில் உள்ள கே3-விஇ எஞ்சினுக்கும் முறை இதுவே; ஆனால் எண்களை அதற்குரிய கையேட்டிலிருந்து எடுங்கள். 2017 கடைசியில் வந்த மைவியில் உள்ளிழுப்புப் பக்கத்துக்கு ஒன்று, புகைப் பக்கத்துக்கு ஒன்று என இரண்டு வால்வுகள் இருக்கும். எந்தப் பக்கத்துக் கோளாறு என்று தெரிந்த பிறகே அதில் கை வைக்க வேண்டும்.

ஒன்றை மட்டும் முதலில் மனத்தில் ஏற்றிக்கொள்ளுங்கள். எஞ்சினின் காற்று, புகை வழிகளைத் திறந்து மூடும் தண்டுதான் கேம் ஷாஃப்ட்; அதை முன்னும் பின்னும் திருப்புவது எஞ்சின் எண்ணெயின் அழுத்தம். கேம் ஷாஃப்ட்டின் முனையில் உள்ள வி.வி.டி. கியருக்குள் சிறு அறைகள் இருக்கின்றன. எந்த அறைக்கு எண்ணெய் போக வேண்டும் என்று எஞ்சினை இயக்கும் கணினிப் பெட்டி முடிவு செய்கிறது. வால்வு அந்த வழியைத் திறக்கிறது. எண்ணெய் கெட்டாலும், வழி அடைத்தாலும், கியர் சிக்கினாலும், மின்கம்பி அறுந்தாலும் ஸ்கேனரைப் பார்ப்பவரின் சந்தேகம் முதலில் வால்வின் மேல்தான் விழுகிறது.

1. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

குறியீடு படிக்கும் ஸ்கேனர், மல்டிமீட்டர், 10 மில்லிமீட்டர் சாக்கெட், நீட்டுக் கம்பியுடன் சிறிய ராட்செட், குறைந்த முறுக்கு அளவுகளைக் காட்டும் டார்க் ஸ்பேனர், பிரேக் கிளீனர் ஒரு டின், பஞ்சு உதிராத துணி, வால்வுக்குப் புதிய ஓ-ரிங் (கசிவைத் தடுக்கும் ரப்பர் வளையம்), எஞ்சின் எண்ணெய், எண்ணெய் வடிகட்டி. 5 ஆம்பியர் ஃப்யூஸ் வைத்த இரண்டு நீளமான மின்கம்பிகளும் வேண்டும். ஏன் என்பது ஆறாவது கட்டத்தில் தெரியும்.

ஓ-ரிங்கை முதலிலேயே வாங்கிவிடுங்கள். ஞாயிறு மாலை வால்வைக் கழற்றிவிட்டு, உதிரிப் பாகக் கடை மூடியிருப்பதைப் பார்த்துப் பழைய ரிங்கையே திரும்பப் போட்டவர்கள் அடுத்த வாரம் எண்ணெய்க் கசிவோடு வருகிறார்கள்.

சிமெண்டுத் தரையுள்ள இடமாகப் பாருங்கள். செம்மண் பாதையோரம் செம்பனை லாரி ஒன்று கடந்து போனால் போதும், திறந்து கிடக்கும் துளைக்குள் புழுதி இறங்கிவிடும். அந்தத் துளையிலிருந்து வழி நேராக வி.வி.டி. கியருக்குப் போகிறது.

2. முதலில் எண்ணெய்

காரைச் சமதளத்தில் நிறுத்தி, எஞ்சினை அணைத்து ஐந்து நிமிடம் பொறுத்து, அளவுக் கம்பியை இழுத்துப் பாருங்கள். அளவு கீழ்க்கோட்டுக்கு அருகில் இருந்தால் கோளாறு அங்கேயே இருக்கலாம். குறைந்த எண்ணெயில் அழுத்தம் நிலையாக நிற்காது. கணினிப் பெட்டி சொன்ன கோணத்துக்குக் கேம் ஷாஃப்ட் நேரத்தோடு போய்ச் சேராது.

அடுத்து எண்ணெய் ஊற்றும் மூடியைக் கழற்றி அதன் அடிப்பக்கத்தை விரலால் தடவுங்கள். கறுப்புப் பசை ஒட்டினால் உள்ளே சேறு கட்டியிருக்கிறது. பால் கலந்த காப்பி நிறத்தில் நுரை ஒட்டினால் நீராவி தங்குகிறது. லயத்து வீட்டிலிருந்து தோட்ட அலுவலகம், அலுவலகத்திலிருந்து கடை என்று இரண்டு மூன்று கிலோமீட்டர் மட்டுமே ஓடும் கார்களில் இதை அடிக்கடி பார்க்கலாம். எஞ்சின் முழுச் சூடு ஏறுவதற்குள் அணைத்துவிடுவதால் ஈரம் வெளியேறுவதில்லை. இப்படி ஓடும் காருக்குக் கிலோமீட்டர் கணக்கு உதவாது. ஆறு மாதத்துக்கு ஒருமுறை எண்ணெய் மாற்றுவதே பாதுகாப்பு. நுரையோடு தண்ணீர்த் தொட்டியின் அளவும் குறைந்துகொண்டே வந்தால் அது வேறு நோய். ஹெட் கேஸ்கெட்டைப் பார்க்க வேண்டும்.

பிறகு, எந்த எண்ணெய் ஊற்றப்பட்டது என்று கேளுங்கள். "பழைய எஞ்சின்தானே, கட்டியான எண்ணெய் ஊற்றினால் சத்தம் குறையும்" என்று 20டபிள்யூ-50 ஊற்றும் வழக்கம் இங்கே நிறைய உண்டு. வி.வி.டி. எஞ்சினுக்கு இது தீங்கு. மெல்லிய வழிகளில் கட்டி எண்ணெய் மெதுவாக நகர்கிறது. கேம் ஷாஃப்ட் தாமதமாகத் திரும்புவதைக் கணினிப் பெட்டி பழுது என்று எடுத்துக்கொள்கிறது. 1என்இஸட்-எஃப்இக்கு 5டபிள்யூ-30 பொருந்தும். வடிகட்டியோடு மாற்றினால் ஏறத்தாழ 3.7 லிட்டர் பிடிக்கும்.

எண்ணெய் குறைவு, சேறு, தவறான தரம் இவற்றில் ஒன்று இருந்தாலும், எண்ணெயையும் வடிகட்டியையும் மாற்றி, குறியீட்டை எழுதிவைத்துவிட்டு அழித்து, ஒரு வாரம் ஓட்டுங்கள். விளக்கு திரும்பி வராவிட்டால் வேலை முடிந்தது.

3. குறியீட்டை எழுதுங்கள், பிறகு பொருள் கொள்ளுங்கள்

ஸ்கேனரைச் செருகியதும் "அழி" பொத்தானைத் தட்டுவது புதியவர்களின் முதல் தவறு. குறியீட்டோடு, அது விழுந்த கணத்தில் எஞ்சினின் சூடு, சுழற்சி, வண்டியின் வேகம் ஆகியவையும் பதிவாகி இருக்கும். அழித்தால் அவையும் போய்விடும். தொலைபேசியில் படம் பிடித்துக்கொள்ளுங்கள்.

பி0010 என்றால் வால்வின் மின்சுற்றில் கோளாறு. எண்ணெயை விட்டுவிட்டு நேராக ஐந்தாவது கட்டத்துக்குப் போகலாம். பி0011 என்றால் கணினிப் பெட்டி சொன்னதைவிடக் கேம் ஷாஃப்ட் முன்னே போய் நிற்கிறது. பி0012 என்றால் பின்தங்குகிறது. இவை இரண்டிலும் எண்ணெய், வடிகட்டி, வால்வு, கியர் எதுவும் காரணமாகலாம். இரட்டை வால்வு எஞ்சின்களில் புகைப் பக்கத்துக்கு பி0013, பி0014, பி0015 வரும்.

பி0016 வந்தால் நில்லுங்கள். கிராங்க் ஷாஃப்ட்டும் கேம் ஷாஃப்ட்டும் ஒன்றோடொன்று பொருந்தவில்லை என்கிறது அது. இரண்டையும் இணைக்கும் டைமிங் செயின் நீண்டிருக்கலாம், பல் தாவியிருக்கலாம். வால்வை மாற்றி இதைத் தீர்க்கப் பார்க்கக் கூடாது. தொடர்ந்து ஓட்டவும் கூடாது.

பழைய வண்டிகள் சில, மலிவான ஸ்கேனரோடு பேசாது. அப்போது ஊகித்துப் பாகம் வாங்காமல், நல்ல ஸ்கேனர் உள்ள பட்டறையில் ஒருமுறை படித்து வாருங்கள்.

4. காதால் கேட்பது

காலையில் முதல் உயிர்ப்பில் இரண்டு மூன்று நொடி கரகரவென்று இரும்புச் சத்தம் வந்து அடங்கினால், வி.வி.டி. கியரின் பூட்டு ஊசி தேய்ந்திருக்கலாம், அல்லது செயின் தளர்ந்திருக்கலாம். வால்வு அந்தச் சத்தத்தைத் தருவதில்லை. சிவப்பு விளக்கில் நிற்கும்போது எஞ்சின் தடுமாறி, குளிர்சாதனம் போட்டதும் அணைந்தால், வால்வு திறந்தபடி சிக்கியிருக்க இடமுண்டு.

5. மின் இணைப்பு, எலி

டைமிங் செயின் இருக்கும் முனையில், சிலிண்டர் ஹெட்டில் ஒரே ஒரு 10 மில்லிமீட்டர் போல்ட்டால் பிடிக்கப்பட்டு, இரண்டு கம்பி இணைப்போடு உருளை வடிவில் இருப்பதுதான் வால்வு. சாவியை அணைத்துவிட்டு, கொக்கியை அழுத்தி இணைப்பை உருவுங்கள். கம்பியைப் பிடித்து இழுக்காதீர்கள். வருடக்கணக்கில் வெந்த பிளாஸ்டிக் உடனே நொறுங்கும்.

இணைப்புக்குள் எண்ணெய் இருக்கிறதா பாருங்கள். இருந்தால் வால்வுக்குள் எண்ணெயைத் தடுக்கும் சீல் போய்விட்டது. கழுவிப் பயனில்லை, வால்வை மாற்ற வேண்டும்.

வால்வின் இரு ஊசிகளுக்கும் இடையே மின்தடையை அளந்து பாருங்கள். 20 பாகை செல்சியஸில் 6.9 முதல் 7.9 ஓம் வரை இருக்க வேண்டும். நம் ஊரில் 20 பாகை எங்கே கிடைக்கிறது? சூடு ஏற ஏறச் செம்புக் கம்பியின் தடையும் பாகைக்கு ஏறத்தாழ 0.4 விழுக்காடு கூடும். 35 பாகையில் 8.3 ஓம் காட்டினால் அது நல்ல சுருள்தான். எஞ்சின் கொதிக்கும்போது அளந்து, எண் கூடுதல் என்று வால்வைத் தூக்கிப் போட்டவர்கள் உண்டு. காலையில், உயிர்ப்பிக்கும் முன் அளந்து பாருங்கள். ஒவ்வோர் ஊசிக்கும் வால்வின் இரும்பு உடலுக்கும் இடையே தொடர்பு இருக்கவே கூடாது.

சுருள் நன்றாக இருந்தும் பி0010 வந்தால் கம்பிக் கூட்டைப் பாருங்கள். செம்பனைத் தோட்டத்தில் எலி எவ்வளவு என்பதை உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அதற்காகத்தான் மரங்களுக்கு இடையே கம்பம் நட்டு ஆந்தைக்குக் கூடு கட்டி வைத்திருக்கிறார்கள். இரவில் சூடான எஞ்சின் எலிக்கு நல்ல படுக்கை. ஒருமுறை தண்டல் (தோட்ட வேலை மேற்பார்வையாளர்) ஒருவரின் காரில், வெளிப் பார்வைக்கு முழுதாக இருந்த கம்பிக் கூட்டின் அடிப்பக்கத்தை விரலால் நீவியபோது ஓரிடத்தில் சொரசொரத்தது. கறுப்பு நாடாவைப் பிரித்தோம். நெல்மணி அளவுக்குக் கடித்த இடம், உள்ளே நாலைந்து செம்பு இழைகள் மட்டும் பிடித்துக்கொண்டிருந்தன. மேட்டில் ஏறும்போது மட்டும் விளக்கு எரிந்ததன் காரணம் அதுதான். அந்த வண்டிக்கு இரண்டு வால்வுகள் மாற்றிவிட்டிருந்தார்கள்.

6. ஓடும் எஞ்சினில் சோதனை

இந்தச் சோதனையைத்தான் பெரும்பாலோர் செய்யாமல் விடுகிறார்கள். எல்லாக் குழப்பத்தையும் இரண்டாகப் பிரித்துத் தருவது இது.

எஞ்சினை நன்றாகச் சூடாக்கி, நின்ற நிலையில் ஓடவிடுங்கள். ஸ்கேனரில் வால்வை இயக்கிப் பார்க்கும் வசதி இருந்தால் அதைப் பயன்படுத்துங்கள். இல்லாவிட்டால் வால்வின் இணைப்பைக் கழற்றி, ஃப்யூஸ் வைத்த நம் கம்பிகளால் பேட்டரியின் 12 வோல்ட்டை வால்வின் ஊசிகளுக்கு ஒரு நொடி, இரண்டு நொடி மட்டும் கொடுங்கள். ஏறத்தாழ ஒன்றரை ஆம்பியர்தான் ஓடும். அதற்குமேல் பிடித்துக்கொண்டிருந்தால் சுருள் வெந்துவிடும்.

கம்பியைத் தொட வேண்டியது வால்வின் ஊசிகளை மட்டுமே. காரின் பக்கம் தொங்கும் இணைப்பில் தொட்டால் கணினிப் பெட்டி எரிந்துபோகலாம். சுழலும் பெல்ட்டுக்கு அருகில் வேலை என்பதால் சட்டைக் கையை மடித்துவிடுங்கள். கம்பிகளைப் பெல்ட்டிலிருந்து விலக்கிக் கட்டுங்கள்.

மின்சாரம் கொடுத்ததும் எஞ்சின் தடுமாற வேண்டும், அல்லது அணைய வேண்டும். எடுத்ததும் சீராக வேண்டும். அப்படி நடந்தால் வால்வும் நகர்கிறது, கியரும் திரும்புகிறது. வால்வு வாங்க வேண்டாம். எண்ணெயையும் கம்பியையும் வடிகட்டியையும் மறுபடி பாருங்கள்.

எஞ்சினில் எந்த மாற்றமும் இல்லை என்றால் வால்வோ, வழியோ, கியரோ சிக்கியிருக்கிறது. இப்போது கழற்றலாம்.

7. கழற்றுதல்

எஞ்சின் ஆறட்டும். சூடான எண்ணெய் மணிக்கட்டில் வழிந்தால் தோல் உரியும். பேட்டரியின் எதிர்மின் (−) முனையைக் கழற்றுங்கள்.

வால்வைச் சுற்றியுள்ள அழுக்கைத் தூரிகையாலும் பிரேக் கிளீனராலும் முதலில் துடைத்துவிடுங்கள். கழற்றிய பிறகு துடைத்தால் அழுக்கு துளைக்குள்தான் போகும். அடியில் துணியை வையுங்கள். வழியும் எண்ணெய் பெல்ட்டிலும் ஆல்டர்னேட்டரிலும் படக் கூடாது.

போல்ட்டை எடுத்த பின் வால்வை இடமும் வலமும் மெல்லத் திருகி, ஒட்டு விட்டதும் நேராக இழுங்கள். வராவிட்டால் ஸ்குரூ டிரைவரால் நெம்பாதீர்கள். ஹெட் அலுமினியத்தால் ஆனது. அதில் விழும் ஒரு கீறல் போதும், எந்தப் புது ரிங் போட்டாலும் கசியும். ஊடுருவும் எண்ணெய் சிறிது தெளித்துக் கால் மணி நேரம் பொறுத்து மறுபடி திருகுங்கள்.

வெளியே வந்ததும், பழைய ஓ-ரிங்கும் கூடவே வந்துவிட்டதா என்று எண்ணிப் பாருங்கள். துளையிலேயே ஒட்டிக்கொண்டிருக்கும் பழைய ரிங்கின் மேல் புதியதைத் தள்ளிவிட்டு, "புது ரிங் போட்டும் கசிகிறது" என்று திகைப்பவர்கள் ஏராளம்.

துளையைச் சுத்தமான துணியால் மூடிவிட்டு, வால்வின் பக்கவாட்டுத் துளைகளை வெளிச்சத்தில் பாருங்கள். ஒருமுறை ஓர் இளைஞர் கொண்டுவந்த வால்வில், துளையின் விளிம்பில் மயிரிழை போல ஏதோ ஒட்டியிருந்தது. ஊசி முனையால் இழுத்தேன். அரை அங்குல நீளத்தில் செம்மஞ்சள் நிறத்தில் ரப்பர் நூல் ஒன்று நீண்டு வந்தது. சிலிகான் பசை. செயின் மூடியை முன்பு யாரோ கழற்றி, பசையை அள்ளிப் பூசி மூடியிருக்கிறார்கள். உள்பக்கம் பிதுங்கியது பிய்ந்து எண்ணெயோடு ஓடி வந்து வால்வின் தண்டில் சிக்கியிருந்தது. அந்த இளைஞர் அதை உள்ளங்கையில் வைத்து வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். வால்வைக் கழுவி அதையே மாட்டினோம். இன்றுவரை ஓடுகிறது.

இப்போது மேசையில் வைத்து, 12 வோல்ட்டை ஒரு நொடி கொடுங்கள். உள்ளே உள்ள தண்டு சட்டென்று நகர்ந்து, மின்சாரம் எடுத்ததும் சட்டென்று திரும்ப வேண்டும். மெதுவாக ஊர்ந்தாலும், பாதியில் நின்றாலும் பழுதுதான்.

8. மறக்கப்படும் வடிகட்டி

வால்வுக்கு எண்ணெய் வரும் வழியில் விரல் நுனி அளவுக்கு ஒரு சிறு வலை வடிகட்டி இருக்கிறது. 1என்இஸட்-எஃப்இயில் அது சிலிண்டர் ஹெட்டில் தனி போல்ட் ஒன்றின் பின்னால் ஒளிந்திருக்கும். வேறு சில எஞ்சின்களில் வால்வின் உடலிலேயே வலை இருக்கும். புது வால்வு மாட்டியும் விளக்கு திரும்ப எரியும் வண்டிகளில் நான் முதலில் திறப்பது இதைத்தான்.

வலையை வெளிச்சத்துக்கு எதிரே பிடியுங்கள். ஒவ்வொரு கண்ணிலும் வெளிச்சம் தெரிய வேண்டும். பிரேக் கிளீனரில் ஊறவைத்து மென்மையான தூரிகையால் கழுவுங்கள். கம்பித் தூரிகை வேண்டாம், வலை கிழிந்துவிடும். ஏற்கெனவே கிழிந்திருந்தால் புதிது போடுங்கள். வலையில் பளபளவென்று உலோகத் துகள் இருந்தால் எஞ்சின் உள்ளே எதுவோ தேய்கிறது. அதைக் கண்டுபிடிக்காமல் மூடக் கூடாது.

9. கழுவுவதா, மாற்றுவதா

சுருளின் அளவு சரி, இணைப்பில் எண்ணெய் இல்லை, கழுவியபின் தண்டு சட்டென்று நகர்கிறது என்றால் அதையே மாட்டுங்கள். தண்டில் கீறல் தெரிந்தாலோ, கழுவியும் ஊர்ந்தாலோ புதிது வாங்குங்கள்.

ஹாஃப் கட் கடையில் (பழைய கார்களிலிருந்து கழற்றிய பாகங்களை விற்கும் கடை) கிடைக்கும் வால்வை நான் பரிந்துரைப்பதில்லை. அது ஓடிய எஞ்சினில் எத்தனை ஆண்டு எண்ணெய் மாற்றாமல் ஓட்டினார்கள் என்பது யாருக்கும் தெரியாது. வேறு வழி இல்லாவிட்டால், கடையிலேயே தடையை அளந்து, 12 வோல்ட் கொடுத்துத் தண்டு நகர்வதைப் பார்த்த பிறகு காசைக் கொடுங்கள். புதியதானாலும் பழையதானாலும் பாக எண், உடலின் நீளம், துளைகளின் இடம் மூன்றையும் உங்கள் வால்வோடு பக்கத்தில் வைத்து ஒப்பிடுங்கள். இணைப்பு பொருந்துகிறது என்பதற்காக வால்வும் பொருந்தும் என்று நினைக்காதீர்கள்.

10. மாட்டுதல்

புது ஓ-ரிங்கில் சுத்தமான எஞ்சின் எண்ணெயைத் தடவுங்கள். காய்ந்த ரிங் உள்ளே போகும்போது சுருண்டு அறுந்துவிடும். கிரீஸ் வேண்டாம். சிலிகான் பசை வேண்டவே வேண்டாம். மேலே சொன்ன நூல் எங்கிருந்து வந்தது என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

வால்வைக் கையால் தள்ளி, ஹெட்டில் முழுதாக உட்காரவைத்த பிறகே போல்ட்டைப் போடுங்கள். போல்ட்டை முறுக்கி வால்வை உள்ளே இழுத்தால் பிடிமானக் காது வளையும், ரிங் வெட்டுப்படும். முறுக்கு 7.5 நியூட்டன் மீட்டர் மட்டுமே. கைப்பிடியின் நுனியைப் பிடிக்காமல், ராட்செட்டின் தலையை உள்ளங்கையில் பற்றி மணிக்கட்டால் திருப்பும் அளவு அது. அலுமினியத்தில் மரை போய்விட்டால் சிறு வேலை பெரிய வேலையாகிவிடும்.

இணைப்பு "டிக்" என்று பூட்டிய சத்தம் கேட்க வேண்டும்.

11. ஓட்டிப் பார்த்தல்

எண்ணெய் அளவைச் சரிபார்த்து எஞ்சினை உயிர்ப்பியுங்கள். முதல் சில நொடிகள் சிறிது தடுமாறலாம். வழிகளில் எண்ணெய் நிரம்ப வேண்டும். ஐந்து நிமிடம் ஓடவிட்டு, விளக்கு அடித்து வால்வைச் சுற்றிக் கசிவு இருக்கிறதா பாருங்கள்.

குறியீட்டை அழித்து, நின்று நின்று போகும் பட்டணச் சாலை, ஏற்றம், சீரான வேகம் மூன்றும் கலந்த வழியில் ஓட்டுங்கள். நாங்கள் ஈப்போ வரை போய்வருவோம். தோட்டத்துக்குள்ளேயே இரண்டு சுற்றுச் சுற்றிவிட்டுச் சரியாகிவிட்டது என்று முடிவு கட்ட முடியாது; எஞ்சின் சூடேறி, சுமையோடு ஓடும்போதுதான் கணினிப் பெட்டி இந்த அமைப்பை முழுதாகச் சோதிக்கிறது. நண்பர் ஓட்ட, நீங்கள் ஸ்கேனரில் கணினிப் பெட்டி கேட்ட கோணத்தையும் கேம் ஷாஃப்ட்டின் உண்மைக் கோணத்தையும் பாருங்கள். இரண்டும் கைகோத்தபடி ஏறி இறங்க வேண்டும்.

12. இதற்குப் பிறகும் விளக்கு எரிந்தால்

எண்ணெய், கம்பி, வடிகட்டி, வால்வு நான்கும் சரியாக இருந்து கோளாறு தீராவிட்டால், மீதி இருப்பது வி.வி.டி. கியரும் செயினும். இவற்றை எட்டச் செயின் மூடியைக் கழற்ற வேண்டும். குறிகளில் ஒரு பல் தவறினாலும் எஞ்சின் சரியாக ஓடாது. பல எஞ்சின்களில் பிஸ்டன் போய், கேம் ஷாஃப்ட் திறந்து மூடும் காற்று, புகை வால்வுகளை இடித்துவிடும். முதல்முறை செய்பவர் தனியாக இறங்கும் வேலை இல்லை இது. செயின் வேலையில் பழகிய பட்டறைக்குப் போங்கள். இதுவரை எடுத்த அளவுகளை ஒரு தாளில் எழுதிக் கையில் கொடுங்கள். அவர்களுக்கு அரை நாள் மிச்சமாகும், உங்களுக்கு அந்த அரை நாள் கூலி மிச்சமாகும்.

கழிவு எண்ணெயைப் பின்பக்க வாய்க்காலில் ஊற்றிவிடாதீர்கள். மலேசியச் சட்டத்தில் அது எஸ்டபிள்யூ 305 என்ற எண்ணுள்ள அட்டவணைக் கழிவு. பழைய எண்ணெய்ப் போத்தல்களிலேயே நிரப்பி, மூடியை இறுக்கி, உரிமம் பெற்றவர்கள் வந்து எடுத்துச் செல்லும் பட்டறை ஒன்றில் ஒப்படையுங்கள். எங்களைப் போன்றவர்கள் அதற்குக் காசு கேட்பதில்லை.

ஒரு வாரம் கழித்து, காலையில் எஞ்சின் ஆறியிருக்கும்போது, வால்வின் அடியில் வெள்ளைத் துணியை ஒருமுறை ஒற்றி எடுங்கள். துணி காய்ந்து வந்தால் பழைய வால்வை எறிந்துவிடலாம்.